கடல் மறந்த நாள்

அவருடைய பெயரை இங்கே எழுத மாட்டேன். மறந்துவிடவில்லை, நாக்கு நுனியில்தான் நிற்கிறது. ஆனால் அவருடைய கணக்குப்படி இன்று கடல் மறந்த நாள். கடல் மறந்த நாளில் ஒருவரும் ஒருவரைப் பெயர் சொல்லிக் கூப்பிடக் கூடாது என்பது அங்கே சட்டம். ஆகவே அவருக்கு மட்டுமல்ல, இதில் வரும் வேறு எவருக்கும் பெயர் இருக்காது. ஆட்களை அடையாளம் காண உங்களுக்கு ஒரு கஷ்டமும் இராது, கொஞ்சப் பேர்தான்.

"அங்கே" என்றால் எங்கே என்று கேட்பீர்கள். நாங்களும் கேட்டுக் களைத்தோம். கிளிநொச்சிப் பக்கம் ஒரு குளத்துக்குக் கீழே காடு வெட்டிக் காணி கொடுத்த காலம். ஐம்பதுகளின் நடுப்பகுதி. யாழ்ப்பாணத்தில் கால் நீட்டிப் படுக்கவும் நிலமில்லாத ஒன்பது குடும்பங்கள் ஒரே வாய்க்காலில் வந்து சேர்ந்தோம். முதல் காணி என்னுடையது. ஒன்பதாவது, கடைசிக் காணி அவருடையது. அதற்கு அப்பால் காடு. குடும்பமில்லாமல் தனியே வந்தவர் அவர் ஒருவர்தான். ஐம்பது வயதிருக்கும். மெலிந்த ஆள், விரல் நுனிகளில் எவ்வளவு தேய்த்தாலும் போகாத ஒரு கறுப்பு. எதைப்பற்றிக் கதைத்தாலும் கடைசியில், "அங்கை அப்பிடியில்லை, தம்பி" என்று முடிப்பார். உப்பு விலை கூடிப்போச்சு என்றாலும் அங்கை அப்பிடியில்லை, யானை வாழையை முறித்துவிட்டது என்றாலும் அங்கை அப்பிடியில்லை. அங்கைக்காரர் என்று அவருக்குப் பட்டம் வைத்தோம். அவர் அதைக் கேட்டுவிட்டுத் தலையாட்டினார், ஏதோ உள்ளதைத்தான் சொல்கிறோம் என்பது போல.

அங்கே இரண்டு சூரியன். பெரியது ஒழுங்காக வரும், சின்னது நினைத்த நேரம் வரும். நடுவில் ஒரு மலை, மலையைச் சுற்றிக் கடல். கடலிலிருந்து ராசாவின் வாசல் வரைக்கும் ஒன்பது படி. ஒவ்வொரு நாளும் கடல் ஒரு படி ஏறும். ஒன்பதாம் நாள் ராசாவின் கால் நனையும். அதோடு கடல் முழுவதும் கீழே இறங்கிப் போய், மறுநாள் மறுபடியும் முதல் படியில் தொடங்கும். ஆகவே அங்கே கிழமைக்கு ஏழு நாள் இல்லை, ஒன்பது நாள். முதல் நாள் நண்டுப்படி, மூன்றாம் நாள் சங்குப்படி, ஐந்தாம் நாள் குதிரைப்படி, கடைசி நாள் விளக்குப்படி. அங்கே திங்கள் செவ்வாய் இல்லை. அட்டமி நவமி இல்லை, ராகுகாலம் இல்லை, கூடாத நாள் என்று ஒன்றே இல்லை. கடலைக் காண மைல் கணக்கில் போகவேண்டிய காட்டுக்குள் இருந்துகொண்டு ஒரு மனுசன் இப்படிக் கதை அளந்தால் நீங்கள் என்ன செய்வீர்கள்? நாங்களும் சிரித்தோம்.

சிரிப்பு ஒரு வருடத்தில் நின்றுபோனது. வாய்க்காலில் ஒன்பது காணி, கிழமைக்கு ஏழு நாள். ஒருத்தனுடைய முறை இந்தக் கிழமை திங்கள் என்றால் அடுத்த முறை புதன், அதற்கடுத்தது வெள்ளி. கணக்கை வைத்திருக்க ஆளுக்கொரு மண்டை. "போன முறை நீ சனி எடுத்தாய்", "இல்லை, ஞாயிறு எடுத்தனான்" என்று தொடங்கி மண்வெட்டிப் பிடியில் முடியும். அந்தக் கோடைச் சிறுபோகத்தில் சங்குப்படிக்காரருக்கு, அதாவது மூன்றாவது காணிக்காரருக்கு, முழங்கையில் வெட்டு விழுந்தது. வெட்டியவர் அவருடைய சொந்த மச்சான், நான்காவது காணி. காயத்துக்கு மருந்து கட்டிக்கொண்டிருந்த இடத்தில்தான் அங்கைக்காரர் மெல்ல வாயைத் திறந்தார்.

"ஒன்பது காணி. ஒன்பது நாள். ஆளுக்கொரு படி. நான் எண்ணுறன்."

அவ்வளவுதான் சொன்னார். அடுத்த காலையில் அவர் வீட்டு முன்தூணில் ஒரு பாலைப் பலகை தொங்கியது. ஒரு வரிசைக்கு ஒன்பது ஓட்டையாக நான்கு வரிசை. கருங்காலியில் சீவிய ஒரு சின்ன முளை. விடிந்ததும் முகம் கழுவி, முளையைப் பிடுங்கி அடுத்த ஓட்டையில் குத்துவார். அன்றைக்கு யாருடைய படியோ அவருக்குத் தண்ணீர். மற்ற எட்டுப் பேரும் வரம்பில் வெட்டிய வக்கடையை மண் வைத்து அடைத்துவிட வேண்டும். இதில் வாதத்துக்கு என்ன இருக்கிறது? பலகையில் ஒரே ஒரு முளைதான். அடுத்த மூன்று வருடம் அந்த வாய்க்காலில் யாரும் யாரையும் அடிக்கவில்லை.

பெண்கள்தான் முதலில் அந்த நாட்களை வாயில் பழகினார்கள். "வாற குதிரைப்படிக்கு அம்மா வாறா" என்பாள் என் மனைவி. ஒருமுறை குடியேற்ற அதிகாரி வந்து, செவ்வாய்க்கிழமை கூட்டம், எல்லாரும் வரவேண்டும் என்றார். நாங்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தோம். "செவ்வாயெண்டா எந்தப் படி?" என்று குதிரைப்படிக்காரர் என் காதுக்குள் கேட்டார். அதிகாரிக்கு அது கேட்டுவிட்டது. இவர்களுக்குக் காய்ச்சல் மண்டையில் ஏறிவிட்டது என்று நினைத்திருப்பார்.

அந்த மனிதரின் முழு உயிரும் அந்த எண்ணிக்கையில் இருந்தது. மலேரியாக் காய்ச்சலில் பல்லோடு பல் அடிக்க, சாக்கைப் போர்த்துக்கொண்டு எழும்பி வந்து முளையை மாற்றியதை என் கண்ணால் பார்த்தேன். தங்கை செத்துப் போனாள் என்று தந்தி வந்து ஊருக்குப் போனபோது, பலகையை எங்களிடம் விட்டுப் போக மனமில்லை. முளையை எடுத்து மடியில் கட்டிக்கொண்டு போனார். திரும்பி வந்து பஸ்ஸால் இறங்கியதும் வேட்டித் தலைப்பை விரித்தார். நான்கு முடிச்சு. ஒவ்வொரு விடியலுக்கும் ஒன்று. அவற்றை எண்ணி, அவிழ்த்து, முளையைச் சரியான ஓட்டையில் குத்திய பிறகுதான் துக்கம் விசாரிக்க வந்த எங்களோடு கதைத்தார். எனக்கு அன்றைக்கு அவர்மேல் கொஞ்சம் பயம் வந்தது. பாசமும் வந்தது, அதையும் மறைக்கத் தேவையில்லை.

ஏன் இப்படி என்று ஒருநாள் அவரே சொன்னார். நாங்கள் இருவரும் வாய்க்காலில் புல்லுச் செதுக்கிக்கொண்டிருந்தோம். ஊரில் அவர் அச்சகம் ஒன்றில் எழுத்துக் கோர்ப்பவராக இருந்தாராம். விரல் நுனிக் கறுப்பு அதனால் வந்தது. ஒரு வருடம் கடைக் கலண்டர் கோர்த்தபோது ஆடி அமாவாசையை ஒரு நாள் தள்ளிப் போட்டுவிட்டார். ஒரே ஒரு எழுத்து, பக்கத்துக் கட்டத்துக்குப் போய்விட்டது. அந்தக் கலண்டரை நம்பிய சனம் தகப்பன்மாருக்கு விரதம் இருந்து ஒரு நாள் பிந்திக் கடலில் முழுகியது. விசயம் தெரிந்ததும் அச்சக வாசலில் வந்து நின்று ஏசினார்கள். ஒரு கிழவர் ஏசவில்லை, வந்து ஒன்று மட்டும் சொன்னாராம்.

"என்ரை அப்பு நேற்று வந்து பாத்திட்டுப் பசியோடை போயிருப்பார், தம்பி."

அதற்குப் பிறகு அவரால் எழுத்தைத் தொட முடியவில்லை. "எனக்கு இனி ஒரு நாளும் எண்ணிக்கை பிழைக்கக் கூடாது" என்றார். புல்லை வெட்டிக்கொண்டே சொன்னார். நான் வெயில் ஏறிப்போச்சு என்று சொன்னேன்.

இரண்டாம் வருடத்தில், விதைப்புக்கு முன், எல்லாரையும் கூப்பிட்டு அவர் புதிதாக ஒன்று சொன்னார். அங்கே நான்கு முறை ஏறி இறங்கியதும் கடலுக்குக் களைத்துவிடுமாம். ஒரு நாள் ஏற மறந்து கிடக்குமாம். அந்த நாள் எந்தக் கிழமையிலும் சேராது, யாருக்கும் சொந்தமில்லை. அன்றைக்கு ராசாவுக்கும் பெயரில்லை, மீன் பிடிப்பவனுக்கும் பெயரில்லை.

"உதை முதலே சொல்ல மறந்து போனன்" என்றார். "அண்டைக்கு ஒருத்தரும் தண்ணி எடுக்கக் கூடாது. வாய்க்காலும் ஒருநாள் தன்ரை பாட்டிலை ஓடட்டும். சேறும் கழுவுப்படும்."

முப்பத்தாறு நாளுக்கு ஒரு நாள். நல்லதுதான் என்றோம். அந்த நாளை நாங்கள் விடுமுறையாக்கிக்கொண்டோம். சந்தைக்குப் போவோம், வண்டில் அச்சுக்கு எண்ணெய் போடுவோம், பெயர் சொல்லாமல் "இஞ்சரும்", "இஞ்சருங்கோ" என்று கூப்பிட்டு விளையாடுவோம். திறந்த வாய்க்கால் அவருடைய காணியையும் தாண்டிக் காட்டுக்குள் ஓடி எங்கேயோ போய்விடும். எங்கே என்று பார்க்க ஒருவருக்கும் தோன்றவில்லை.

நான்காவது சிறுபோகத்தில் வறட்டுக் கச்சான் காற்று ஆனியிலேயே பிடித்தது. குளம் அடிமட்டத்துக்குப் போனது. ஒரு திங்கட்கிழமை அதிகாரியின் ஆள் சைக்கிளில் வந்து சொன்னான்: வெள்ளிக்கிழமை பின்னேரத்தோடு குளத்துத் துருசு, அதாவது மதகு, பூட்டப்படும், பிறகு மழை வரும்வரைக்கும் ஒரு சொட்டும் இல்லை.

என் நெல் குடலைப் பருவத்தில் நின்றது. கதிர் தோகைக்குள் இருந்தது, வெளியே தள்ள நாலைந்து நாள்தான். அந்த நேரத்தில் ஒருமுறை தண்ணீர் காட்டினால் நெல், காட்டாவிட்டால் பதர். முந்திய மாரிக் காலபோகத்தை வெள்ளம் கொண்டுபோயிருந்தது. வீட்டில் விதைநெல்லும் இல்லை. என் மனைவி ஏழு மாதக் கர்ப்பம். இந்த முறையும் விளைச்சல் பிழைத்துப்போனால் மகளைக் கூட்டிக்கொண்டு போய்விடுவேன் என்று மாமனார் கடிதம் போட்டிருந்தார். அவரைச் சொல்லிக் குற்றமில்லை.

விரல் விட்டு எண்ணினேன். வியாழன் விளக்குப்படி, அங்கைக்காரரின் நாள். சனி நண்டுப்படி, என்னுடைய நாள். நடுவில் வெள்ளிக்கிழமை, கடல் மறந்த நாள். அந்த ஒரு நாள் மட்டும் இல்லாவிட்டால் வெள்ளி எனக்கு. கடைசித் தண்ணீர் எனக்கு. அது இருந்தால் என்னுடைய முறை வரும்போது துருசு பூட்டிக் கிடக்கும்.

செவ்வாய்க்கிழமை காலை அவர் வீட்டுக்குப் போனேன்.

"அண்ணை, வெள்ளிக்கிழமையை எனக்குத் தாங்கோ. இந்த ஒருமுறை மட்டும் உங்கடை கடல் மறக்காமல் இருக்கட்டும்."

சிரிப்பார் என்று நினைத்தேன். அவர் சிரிக்கவில்லை.

"அது ஏலாது, தம்பி. அந்த நாள் என்ரை இல்லை."

"நீங்கள்தானே உண்டாக்கினது?"

"உண்டாக்கினவனும் வெட்டக் கூடாது. இண்டைக்கு உமக்காக வெட்டினா, நாளைக்கு மற்றவையும் வந்து கேப்பினம். பிறகு உந்தப் பலகையை அடுப்பிலைதான் வைக்க வேணும்."

"சும்மா காட்டுக்கை ஓடப்போற தண்ணியெல்லோ, அண்ணை!"

அவருடைய கண் மட்டும் ஒருமுறை வாய்க்கால் போகும் திசைக்குப் போய்த் திரும்பியது. எனக்குக் கோபத்தில் அவர் முகத்தைப் பார்க்கப் பிடிக்கவில்லை. பலகையைப் பார்த்துக்கொண்டு நின்றேன். அப்போதுதான் அதைக் கண்டேன். நான்கு வரிசைக்கும் வெளியே, ஓரத்தில் தனியாக இருந்த முப்பத்தேழாவது ஓட்டை. மற்ற ஓட்டைகளின் விளிம்பெல்லாம் கைபட்டு, புகைபட்டுக் கறுத்திருந்தது. இதன் விளிம்பு மட்டும் வெளிறிக் கிடந்தது. பலகை செய்தபோது அந்த நாளே இருக்கவில்லை, பிறகு வந்தது. அவர் சொல்ல மறக்கவில்லை.

அன்று பின்னேரம் வாய்க்கால் வழியே கீழே நடந்தேன். அவருடைய காணியைத் தாண்டி, ஈச்சம் பற்றைகளுக்குள் நுழைந்து, ஒரு கூப்பிடு தூரம். காடு திடீரென்று விலகியது. ஒரு ஏக்கருக்கும் குறைவான துண்டு. பச்சையாக நெல் நின்றது. என்னுடையதைப் போலவே குடலை. ஓரத்தில் ஒரு கொட்டில், கொட்டில் மறைப்பில் மாதாவின் படம். ஒரு பெண் குனிந்து களை பிடுங்கிக்கொண்டிருந்தா. பக்கத்தில் இரண்டு பெண் பிள்ளைகள். என்னைக் கண்டதும் பிள்ளைகளை இழுத்துத் தன் பின்னால் விட்டுக்கொண்டா.

"காணி ஐயாவோ?" என்று கேட்டா. அனுமதியில்லாமல் காடு வெட்டியவர்களின் கொட்டிலை அதிகாரிகள் பிடுங்கி எறிந்த காலம் அது.

"இல்லை. மேல் வாய்க்கால்."

கொக்கிளாய்ப் பக்கத்து ஆட்கள். புருசன் கடலுக்குப் போய் வரவில்லை. அதற்குப் பிறகு கடலைப் பார்த்துக்கொண்டு இருக்க ஏலாது என்று பிள்ளைகளோடு உள்ளே வந்து, காட்டின் இந்த மூலையில் தங்கிவிட்டா. வந்து இரண்டு வருடமாம். நான் கேட்காமலே சொன்னா, என்னை எப்படியாவது இளக வைத்துவிடலாம் என்று. நான் திரும்பி நடந்தேன். இரண்டு வருடம் என்பதைத்தான் மனம் பிடித்துக்கொண்டிருந்தது.

புதன்கிழமை விடிய அவர் முளையை மாற்றிக்கொண்டிருந்தபோதே போய் நின்றேன்.

"அந்த ஓட்டை பிறகு துளைச்சதெல்லோ, அண்ணை?"

அவர் கை நின்றது. "ஓம்."

"அவா வந்த பிறகு."

"ஓம்."

"எட்டுப் பேரை ஏமாத்திப் போட்டீங்கள்."

"கேட்டிருந்தாத் தந்திருப்பீங்களோ?"

தந்திருக்க மாட்டோம். எட்டுப் பேரில் ஒருவரும் தந்திருக்க மாட்டோம், நான் முதல் ஆளாக மறுத்திருப்பேன். அது தெரிந்ததால்தான் எனக்கு இன்னும் கோபம் ஏறியது. அந்தக் கோபத்தில் ஒன்று சொன்னேன். இத்தனை வருடத்துக்குப் பிறகும் எழுதக் கை கூசுகிறது.

"ஊர் உங்களையும் அவாவையும் சேத்து என்ன கதைக்கும் எண்டு தெரியுமோ? அதிகாரிக்கு ஒரு கடுதாசி போட்டாக் காணும். கொட்டிலும் இராது, நெல்லும் இராது."

அவர் என்னைப் பார்த்தார். அந்தப் பார்வையில் கோபம் இருந்திருந்தால் நான் இன்றைக்குக் கொஞ்சம் நிம்மதியாக இருந்திருப்பேன். எதையோ எண்ணிக் கூட்டுகிறவரைப் போலத்தான் பார்த்தார்.

"ஆருக்கும் சொல்லிப் போட்டீரோ?"

"இன்னும் இல்லை."

"எப்ப சொல்லுவீர்?"

"எனக்குத் தண்ணி வராட்டி."

அவர் முளையை ஓட்டையில் அழுத்திவிட்டு உள்ளே போய்விட்டார்.

வியாழக்கிழமை மற்ற ஏழு பேரும் விடியவே வண்டில் கட்டி அதிகாரியிடம் போனார்கள், துருசை இன்னும் இரண்டு நாள் திறந்து விடும்படி கேட்பதற்கு. மனைவியைத் தனியே விட்டுப் போக முடியாது என்று நான் நின்றுவிட்டேன். வீட்டுப் படியில் இருந்து பல் துலக்கும்போது தண்ணீர்ச் சத்தம் கேட்டது. என் வயலுக்குள் தண்ணீர் விழும் சத்தம் எனக்குத் தெரியாதா? ஓடினேன்.

என் வக்கடை திறந்து கிடந்தது. வாய்க்காலைக் குறுக்கே மண் போட்டு மறித்து, முழுத் தண்ணீரையும் எனக்குத் திருப்பியிருந்தது. வரம்பில் அவர் மண்வெட்டியை மடியில் வைத்துக்கொண்டு குந்தியிருந்தார்.

"அண்ணை, இண்டைக்கு விளக்குப்படியெல்லோ? உங்கடை நாள்."

"இல்லை. உம்மடை."

"எப்பிடி?"

"அங்கை ஒரு சட்டம் இருக்கு. முதல் படிக்காரனுக்குக் கடல் வராமல் போற மாதிரி இருந்தா, கடைசிப் படிக்காரன் தன்ரை நாளைக் குடுக்க வேணும். குடுத்ததை ஒருத்தருக்கும் சொல்லக் கூடாது."

அப்படி ஒரு சட்டம் இல்லை. அதை அவர் அன்றைக்கு உண்டாக்கினார், முந்தைய நாள் நான் போன பிறகு உண்டாக்கினார். அது எனக்குத் தெரியும் என்று அவருக்கும் தெரியும். அவருடைய மூன்று ஏக்கரும் குடலைதான். மறித்த மண்ணில் ஒரு வெட்டு வெட்டினால் தண்ணீர் அவருக்குப் போகும். மண்வெட்டி அவர் மடியில்தான் இருந்தது, கேட்டிருந்தால் தந்திருப்பார்.

நான் கேட்கவில்லை. தண்ணீர் பாத்தி பாத்தியாகப் பரவுவதைப் பார்த்துக்கொண்டு நின்றேன். வெடித்த நிலம் குடிக்கும் சத்தம் கேட்டது. மனதுக்குள் சந்தோசம் வந்தது, அதுதான் உண்மை. மத்தியானம் என் மனைவி அவருக்கும் சோறு கொண்டுவந்தாள். "பாவம், எங்களுக்கு உதவிக்கு வந்து நிக்கிறார்" என்றாள். அவர் சாப்பிட்டுவிட்டு, "வாற பிள்ளை நண்டுப்படியிலை பிறக்கட்டும்" என்றார். வண்டில்கள் திரும்பி வர முன்னரே மறிப்பை வெட்டிவிட்டு, என் வக்கடையை அடைத்து, மேலே காய்ந்த மண்ணைத் தூவி விட்டார். போன ஏழு பேரும் வெறுங்கையோடு வந்தார்கள்.

வெள்ளிக்கிழமை கடல் மறந்த நாள். அவர் விடியலில் முளையை ஓரத்து ஓட்டையில் குத்திவிட்டு வாய்க்கால் தலைப்பில் வந்து நின்றார். நானும் போய் அவர் பக்கத்தில் நின்றேன். அவர் கூப்பிடவில்லை. சற்று நேரத்தில் சங்குப்படிக்காரர் மண்வெட்டியோடு வந்தார். முழங்கைத் தழும்பு வெயிலில் தெரிந்தது.

"சனமெல்லாம் சாகுது, இஞ்சை தண்ணி காட்டுக்கோ? வெட்டப் போறன்!"

நான்தான் குறுக்கே போனேன்.

"முறைப்படி அடுத்தது என்ரை. நானே கேக்காமல் நிக்கிறன். உங்களுக்கென்ன?"

அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார். மண்வெட்டி தோளுக்கு உயர்ந்தது. பிறகு மண்வெட்டியை இறக்கிவிட்டு, "உனக்கும் இந்த மனுசன்ரை பைத்தியம் தொத்திப் போச்சு" என்று காறித் துப்பிவிட்டுப் போனார். பின்னேரம் வரைக்கும் தண்ணீர் எங்கள் எல்லாரையும் கடந்து கீழே போனது. ஐந்து மணியளவில் வாய்க்கால் மெலிந்து, சேறு தெரிந்து, நின்றது.

அந்தப் போகத்தில் எனக்குக் கதிர் முற்றியது. அந்தப் பெண்ணுக்கும் முற்றியது. வாய்க்காலின் நடுவில் இருந்தவர்களுக்கு அரைகுறை. அங்கைக்காரரின் மூன்று ஏக்கரும் வெள்ளைப் பதராக நின்று, கடைசியில் மாடு மேய்ந்தது. என் வயல் செழித்ததற்கு ஊர் ஒரு காரணம் கண்டுபிடித்தது, தலைவாய்க்கால் ஊறல் என்று. அவருடையது கருகியதற்கும் ஒன்று கண்டுபிடித்தது. கிழவன் எண்ணிக்கையைப் பிழைவிட்டான். தன்னுடைய விளக்குப்படியையே கடல் மறந்த நாள் என்று எண்ணி, இரண்டு நாளும் தண்ணீரைக் காட்டுக்கு விட்டுவிட்டான். சொல்லிச் சொல்லிச் சிரித்தார்கள். அங்கே பெரிய சூரியன் அன்றைக்கு வரவில்லையாக்கும் என்றார்கள். அவர் வீட்டைக் கடந்து போகும்போது முளையை மாற்றுவது போலக் கையைக் காட்டிக்கொண்டு போனார்கள்.

காலபோக விதைப்புக்கு முன் கூட்டம். வாய்க்கால் கரை மருதமரத்தின் கீழ் ஒன்பது பேரும் இருந்தோம். சங்குப்படிக்காரர் எழும்பினார்.

"தன்ரை நாளையே எண்ணத் தெரியாத ஆள் எங்கடை நாளை எண்ணுறதோ? பழையபடி திங்கள், செவ்வாய் எண்டு போவம். கொப்பியிலை எழுதி வைப்பம்."

எல்லாரும் அங்கைக்காரரைப் பார்த்தார்கள். அவர் எழும்பி நின்றார். என்னை ஒருமுறை பார்த்தார், கொஞ்ச நேரம்தான். அதில் கெஞ்சல் இல்லை, குற்றச்சாட்டும் இல்லை. எனக்கு வாய்க்குள் சொல் வந்துவிட்டது. அவர் தன் நாளை எனக்குத் தந்தார் என்ற ஒரு வசனம். அந்தப் பெண்ணின் கதையை இழுக்காமலே அதைச் சொல்லியிருக்கலாம். ஏன் தந்தார் என்று கேட்பார்கள். நான் எப்படி வாங்கினேன் என்று கேட்பார்கள். என் மனைவி பிள்ளையை மடியில் வைத்துக்கொண்டு மறுகரையில் இருந்தாள்.

நான் நிலத்தைப் பார்த்தேன்.

"ஓம்" என்றார் அவர். "எனக்குத்தான் எண்ணிக்கை பிழைச்சுப் போச்சு."

அச்சக வாசலில் நின்ற கிழவருக்குக்கூட அவர் அதை இவ்வளவு தெளிவாகச் சொல்லியிருக்க மாட்டார். சொல்லிவிட்டு உட்கார்ந்தார். கூட்டம் கை உயர்த்தியது. நானும் உயர்த்தினேன்.

அந்த வருடத்தோடு காணியைக் கைமாற்றிவிட்டு அவர் போய்விட்டார், எங்கே என்று ஒருவருக்கும் தெரியாது. பலகை தூணில் இல்லை. கீழ்க்காட்டுப் பெண்ணுக்கு அதற்குப் பிறகு வாய்க்கால் தண்ணீர் இல்லை. மழையை நம்பிக் காலபோகம் மட்டும் செய்தா. வாய்க்காலில் மறுபடியும் மண்வெட்டிகள் உயர்ந்தன. நான் மட்டும் ஒருவருக்கும் தெரியாமல் எண்ணிக்கொண்டு வந்தேன். எத்தனையோ இடம் மாறினேன். முளையில்லாத நாட்களில் வேட்டித் தலைப்பில் முடிச்சுப் போட்டு எண்ணினேன். என் மகளுக்கு வயது கேட்டால் முதலில் அங்கத்தைய கணக்குத்தான் மனதில் வரும். அவள் பிறந்தது நண்டுப்படியில்.

அன்றைக்கு மரத்தின் கீழ் சொல்லியிருக்க வேண்டியதை இன்றைக்குப் பெயரில்லாமல் சொல்லி வைக்கிறேன். அவருக்கு எண்ணிக்கை பிழைக்கவில்லை. அந்த வியாழக்கிழமை விளக்குப்படிதான். அது அவருடைய நாள், நான்தான் அதை எடுத்தேன்.